பாக்டீரியாக்களின் பெருக்கமும் அதற்குரிய ஏதுக்களும்

மாலையிற் காய்ச்சி ஆறவைத்த பாலில் ஒரு சிறு கரண்டி மோரைக் கலந்து மூடிவைக்கின்றோம். விடியற்காலையில் திறந்து பார்க்குங்கால் பாலைக் காணோம். கட்டித் தயிர் இருக்கின்றது. நாள்தோறும் நிகழ்வதாதலின் இதனை நாம் ஓர் அதிசயமாகக் கருதுவதில்லை. அதே இரவில், அதே அடுக்களையில், எடுத்துவைக்க மறந்த குழம்பு ஊசிப்போகின்றது. அதனையும் நாம் வியப்பதில்லை. கொட்டிவிட்டுக் கலத்தைக் கழுவுகின்றோம். அதே இரவில் ஏதோ ஒரு வீட்டில் இருமிக்கொண்டிருக்கும் க்ஷயரோகி ஒருவரின் நுரையீரலில் நோய்க்கிருமிகள் மெல்ல மெல்லப் பெருகிக்கொண்டிருக்கின்றன. பாலைத் தோய்ப்பதும், குழம்பைக் கெடுப்பதும், அம்மனிதரை மெலிவிப்பதும் ஒரே வகையான செயலே. அது பாக்டீரியா என்னும் நுண்ணுயிர்களின் பெருக்கம். வேறுபாடெல்லாம் அப்பெருக்கத்தின் வேகத்திலும் விளைவிலுமே உள்ளது. இப்பெருக்கம் எங்ஙனம் நிகழ்கின்றது, அதனை விரைவுபடுத்துவன யாவை, தடுப்பன யாவை என்பவற்றை இயன்றவரை எளிதாக எடுத்துரைக்கப் புகுகின்றோம்.

ஒன்று இரண்டாதல்

ஹாலந்து தேசத்து டெல்ப்ட் நகரில் துணி வாணிகஞ் செய்துவந்த லேவன்ஹூக் என்பவர், தம் கையாலேயே தேய்த்தமைத்த கண்ணாடி வில்லைகளின் துணைகொண்டு, 1676-ஆம் ஆண்டில் இந்நுண்ணுயிர்களைக் கண்டார். மிளகு ஏன் காரமாயிருக்கின்றது என்பதை அறிய விரும்பி, அவர் மிளகை நீரில் ஊறவைத்து அந்நீரைச் சோதித்தார். காரத்தின் காரணம் அதில் அவர்க்குப் புலப்படவில்லை. கணக்கற்ற சிற்றுயிர்கள் நீந்துவதே புலப்பட்டது. நம் குடலில் வாழும் 'கோலை' என்னும் பாக்டீரியா ஏறக்குறைய இரண்டு மைக்ரான் நீளமுடையது. ஆயிரம் கோலைகளை ஒன்றன்பின் ஒன்றாக நிறுத்தினால், அவ்வரிசையின் நீளம் ஒரு கடுகின் அகலமே ஆகும்.

பாக்டீரியா வளர்கின்றது என்னும்போது, ஒரு கன்று வளர்ந்து பசுவாவது போல அதன் உடல் பெருப்பதை நாம் குறிப்பதில்லை. அதன் தொகை பெருகுவதையே குறிக்கின்றோம். உணவை உட்கொண்டு சிறிது நீண்ட பாக்டீரியா தன் பரம்பரைக் குணங்கள் பொதிந்த இழையை இரண்டாகப் படியெடுத்துக் கொள்கின்றது. பின்னர் அதன் நடுவே ஒரு சுவர் எழும்புகின்றது. ஓருயிர் ஈருயிராகப் பிரிகின்றது. இவற்றுள் தாய் எது, சேய் எது என்று கேட்பதற்கிடமில்லை; தாயே இரு சேய்களாகிவிட்டது.

இவ்வாறு இரட்டித்தல் எவ்வளவு விரைவில் எங்குக் கொண்டுவிடும் என்பதைச் சதுரங்கப் பலகையின் கட்டந்தோறும் நெல்மணியை இரட்டித்து வைத்த கதையைக் கேட்டவர் அறிவர். நல்லுணவும் 37 டிகிரி சென்டிகிரேட் உஷ்ணமும் கிட்டுமாயின், கோலை 20 நிமிஷத்திற்கு ஒருமுறை இரண்டாகும். ஒரு மணி நேரத்தில் ஒன்று எட்டாகும். ஏழு மணி நேரத்தில் இருபது இலட்சத்தைக் கடக்கும். பத்து மணி நேரத்தில் நூறு கோடிக்கு மேற்படும். தடையின்றி ஒரு நாள் முழுதும் இவ்வாறே நிகழ்ந்தால், ஓருயிரின் சந்ததி மட்டும் 4,700 மெட்ரிக் டன் எடையுள்ளதாகும். இரண்டு நாள் நிரம்புமுன்னரே அதன் எடை நாம் வாழும் பூமியின் எடையை ஒத்துவிடும்!

கணிதத்தில் பிழையொன்றுமில்லை. ஆயினும் உலகம் பாக்டீரியாவினால் மூடுண்டு போகவில்லை. காரணம் யாது? உணவு குறைகின்றது, கழிவு நிறைகின்றது, உஷ்ணம் மாறுகின்றது, நீர் வற்றுகின்றது. இத்தடைகளே நம்மைக் காக்கின்றன. இத்தடைகளை அறிந்து வேண்டுமிடத்து இடுவதும், வேண்டாவிடத்து நீக்குவதுமே சமையற்காரி முதல் வைத்தியர் ஈறாக அனைவரும் செய்துவரும் தொழில் என்று கூறின் மிகையாகாது.

நான்கு பருவங்கள்

ஒரு குடுவையில் இறைச்சிச் சாற்றை நிரப்பி, அதிற் சில பாக்டீரியாக்களை விட்டு, மணிக்கொருமுறை அவற்றின் தொகையைக் கணக்கிட்டால், அவற்றின் வாழ்வு நான்கு பருவங்களாகப் பிரிந்திருக்கக் காணலாம்.

முதலாவது, ஆயத்தப் பருவம். புதிய இடத்திற் புகுந்த பாக்டீரியா உடனே பெருகத் தொடங்குவதில்லை. ஜூன் மாதத்தில் விடுதிக்குப் புதிதாக வந்து சேர்ந்த மாணாக்கர் முதல் வாரத்தில் படிப்பது எங்ஙனமோ, அங்ஙனமே இதுவும். அவ்வுணவைச் செரிப்பதற்கு வேண்டிய நொதிகளை அமைத்துக்கொள்வதில் அதன் காலம் கழிகின்றது. வெளியிலிருந்து நோக்குவார்க்கு ஒன்றும் நிகழாதது போலத் தோன்றும். இரண்டாவது, பெருக்கப் பருவம். இதில்தான் மேற்கூறிய இரட்டித்தல் ஒழுங்காக நிகழ்கின்றது. மூன்றாவது, நிலைப்பருவம். ஒரு மில்லிலிட்டர் சாற்றில் ஏறத்தாழ நூறு கோடி உயிர்கள் சேர்ந்தவுடன் உணவு அருகி, கழிவுகள் மிகுந்து, பெருக்கம் ஓய்கின்றது. தோன்றுவனவும் மடிவனவும் சமமாகின்றன. அன்றி, யாவும் பெருகாது காத்திருக்கின்றன. நான்காவது, அழிவுப் பருவம். அதில் மடிவனவே மிகுதி.

பாரிஸ் நகரில் ஜாக் மோனோ என்னும் விஞ்ஞானி, உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1940-களின் தொடக்கத்தில், இப்பருவங்களைப் பொறுமையுடன் அளந்துவந்தார். குளூகோஸும் பாற்சர்க்கரையும் கலந்த உணவைக் கோலைக்கு இட்டபோது, அது குளூகோஸ் முழுவதையும் முதலில் தின்று தீர்த்தது. சிறிது நேரம் பெருகாது நின்றது. அதன்பின் பாற்சர்க்கரையைத் தின்று மீண்டும் பெருகிற்று. அவ்விடைநிறுத்தம் எதற்கு என்று அவர் வினவினார். வேண்டும்போது நொதியை அமைக்கவும் வேண்டாதபோது நிறுத்தவும் உயிரினுள்ளேயே ஒரு கட்டுப்பாடு உண்டு என்னும் பேருண்மை அவ்வினாவிலிருந்து வெளிப்பட்டது. 1965-ஆம் ஆண்டில் மோனோவும் அவருடைய சகாக்கள் இருவரும் நோபெல் பரிசு பெற்றது இதன் பொருட்டேயாம்.

உணவும் நீரும்

பெருக்கத்திற்குரிய ஏதுக்களுள் முதலாவது உணவு. அதனைத் தக்கவாறு அமைத்துக் கொடுப்பதே பாக்டீரியா சாஸ்திரத்தின் அஸ்திவாரம். ஜெர்மனியில் ராபர்ட் கோக் என்பார் முதலில் வேகவைத்த உருளைக்கிழங்குத் துண்டங்களின்மேலும், பின்னர் ஜெலட்டின் கலந்த சாற்றின்மேலும் பாக்டீரியாக்களை வளர்த்தார். ஆனால் மனித உடலின் உஷ்ணத்தில் ஜெலட்டின் உருகி ஓடிவிடும்; சில பாக்டீரியாக்கள் அதனையே தின்று நீராக்கிவிடும். இத்தொல்லையைத் தீர்த்தவர் ஒரு குடும்பப் பெண்மணி. கோக்கின் ஆய்வுச்சாலையிற் பணிபுரிந்த வால்தர் ஹெஸ்ஸே என்பவரின் மனைவியாராகிய பானி ஹெஸ்ஸே, தம் அடுக்களையிற் பழப்பாகு செய்யப் பயன்படுத்திய 'அகர்' என்னும் கடற்பாசிச் சத்தை 1881-ஆம் ஆண்டில் எடுத்துக்காட்டினார். அதனை அவர் அறிந்தது ஜாவாத் தீவில் வாழ்ந்திருந்தோர் வாயிலாக. இன்றளவும் உலகெங்குமுள்ள ஆய்வுச்சாலைகளில் பாக்டீரியாக்கள் வளர்வது அவ்வகரின்மேலேயே.

எனினும் எல்லாப் பாக்டீரியாக்களும் நாம் இட்டதை உண்ணுவதில்லை. தொழுநோய்க்குக் காரணமான கிருமியை நார்வே தேசத்து ஹான்சன் 1873-ஆம் ஆண்டிலேயே கண்டார். ஆயினும் எவ்வகைச் செயற்கை உணவிலும் அதனை வளர்த்தெடுத்தல் இன்றுவரை கைகூடவில்லை. உயிருள்ள உடலினுள் மட்டுமே அது வளரும். அங்கும் அது இரண்டாவதற்கு ஏறத்தாழ இரு வாரங்கள் செல்லும்.

இரண்டாவது ஏது நீர். நீரின்றி எவ்வுயிரும் பெருகாது. மீனை உப்பிட்டு வெயிலிற் காயவைப்பதும், மாவடுவை உப்பில் ஊறவைப்பதும், பழத்தைச் சர்க்கரைப் பாகிலிடுவதும் இவ்வுண்மையைப் பற்றியனவே. உப்பும் சர்க்கரையும் நீரைத் தம்பால் ஈர்த்துக்கொள்வன. ஊறுகாயில் ஈரமிருப்பினும் அவ்வீரம் பாக்டீரியாவிற்குக் கிட்டுவதில்லை. அதன் உடலிலுள்ள நீரும் வெளியே இழுக்கப்படுகின்றது. ஆயினும் இங்கும் விலக்குண்டு. நம் தோலிலும் புண்களிலும் தங்கும் ஸ்டபிலோகாக்கஸ் என்னும் பாக்டீரியா, பிறவெல்லாம் மடங்கிப்போகும் உப்பிலும் பெருகவல்லது. கையிற் புண்ணுடையோர் சமைக்கலாகாது என்பது இதனாலும் வலியுறும்.

உஷ்ணம்

ஏதுக்கள் யாவற்றினும் நம் வசத்தில் எளிதாக நிற்பது உஷ்ணம். ஒவ்வொரு பாக்டீரியாவுக்கும் தாழ்ந்த எல்லையொன்றும், உயர்ந்த எல்லையொன்றும், அவ்விரண்டிற்கும் இடையே மிக உவந்ததொன்றும் உண்டு. நம் உடலில் வாழ்வனவற்றுக்கு நம் உடலின் உஷ்ணமே உவந்தது. சித்திரை மாதத்தில் இட்லி மா விரைவிற் பொங்கிப் புளிப்பதும், மார்கழியில் விடிந்தபின்னும் பொங்காமற் கிடப்பதும் இதனாலேயே.

குளிர்ப்பெட்டியைப் பற்றி நம்மிற் பலர்க்கு ஒரு தவறான எண்ணம் உண்டு. குளிர் பாக்டீரியாக்களைக் கொல்வதில்லை. அவற்றின் வேகத்தைக் குறைக்கின்றது, அவ்வளவே. வெளியில் எடுத்துவைத்தவுடன் அவை விட்ட இடத்திலிருந்து தொடர்கின்றன. லிஸ்டீரியா போன்ற சில, 4 டிகிரிக் குளிரிலும் மெதுவாகப் பெருகுவன. மறுபுறம், அமெரிக்காவிலுள்ள எல்லோஸ்டோன் வெந்நீரூற்றுக்களில் தாமஸ் பிராக் என்பவர் 1966-ஆம் ஆண்டிற் கண்டெடுத்த தெர்மஸ் அக்வாட்டிகஸ் என்னும் பாக்டீரியா, கை வைக்கவொண்ணாத 70 டிகிரி வெந்நீரில் களிப்புடன் வாழ்கின்றது. கொதிக்குஞ் சூட்டிலும் கெடாத அதன் நொதியைக்கொண்டே, நோயாளியின் சளியிலோ இரத்தத்திலோ மறைந்துள்ள கிருமியின் பரம்பரை இழையைப் பன்மடங்காகப் படியெடுத்துக் காணும் சோதனை உருவாயிற்று.

உஷ்ணத்தாற் கொல்வதிலும் அளவுண்டு. பாலை 63 டிகிரியில் 30 நிமிஷமோ, 72 டிகிரியில் 15 விநாடியோ வைத்திருந்தால், அதிலுள்ள நோய்க்கிருமிகள் மடியும், ருசி கெடாது. பாஸ்டர் காட்டிய வழியாதலின் இதற்கு அவர் பெயரே வழங்குகின்றது. ஆனால் சில பாக்டீரியாக்கள் துன்பம் நேர்ந்தவிடத்துத் தம்முள்ளே தடித்த உறையுடைய ஒரு வித்தினை அமைத்துக்கொள்கின்றன. அவ்வித்து உண்ணாது, பெருகாது, கொதிநீரிலும் சாகாது. நற்காலம் வரும்வரை உறங்கிக் கிடக்கும். லண்டனில் டிண்டல் என்னும் அறிஞர் 1877-ஆம் ஆண்டில் இதற்கோர் உபாயங் கண்டார். ஒருமுறை கொதிக்கவைத்து ஆறவிட்டால், உறங்கும் வித்துக்கள் நற்காலம் வந்ததென்று நம்பி முளைக்கும். முளைத்தவற்றை மறுமுறை கொதிக்கவைத்துக் கொல்லலாம் என்பதே அவ்வுபாயம். இக்காலத்து ஆஸ்பத்திரிகளில் நீராவியை அழுத்தத்தில் அடைத்து, 121 டிகிரியில் 15 நிமிஷம் வைத்து, வித்துக்களையும் ஒருங்கே அழிக்கின்றனர்.

விடுதிகளில் உண்போர் அறியவேண்டிய செய்தியொன்று இதனைச் சார்ந்துள்ளது. அரிசியிலுள்ள பாசில்லஸ் செரியஸ் என்னும் பாக்டீரியாவின் வித்துக்கள் சோறு வேகும்போது மடிவதில்லை. வெந்த சோற்றை ஆறியும் ஆறாமலும் பல மணி நேரம் வைத்திருந்தால், அவை முளைத்துப் பெருகி, வாந்தியை விளைக்கும் ஒரு நஞ்சை வெளிவிடுகின்றன. அச்சோற்றை மீண்டும் சூடாக்கினால் பாக்டீரியா சாகலாம், நஞ்சு சாவதில்லை. ஆதலின் சோற்றைச் சுடச்சுட உண்ணவேண்டும். அன்றேல் விரைவில் குளிரச்செய்து வைக்கவேண்டும்.

புளிப்பும் காற்றும்

தயிர் பாலினும் நெடுநேரம் கெடாதிருப்பது ஏன்? அதனைத் தோய்த்த பாக்டீரியாக்கள் விட்ட புளிப்பே, பின்னர் வரும் பிறவற்றைத் தடுத்துவிடுகின்றது. பெரும்பாலான பாக்டீரியாக்கள் புளிப்புமின்றிக் காரமுமின்றி நடுநிலையிலிருக்கும் இடத்தையே விரும்புவன. புளிக்குழம்பு சாம்பாரினும் நெடிது நிற்பதற்கும் இதுவே ஏது.

இவ்வுண்மையை அளவுக்குமேல் நம்பிய மருத்துவ உலகம் ஒருமுறை ஏமாந்தது. நம் இரைப்பையில் கடும் அமிலம் சுரக்கின்றது. ஆதலின் அங்கே எப்பாக்டீரியாவும் குடியிருக்கவியலாது என்றே பலரும் எண்ணியிருந்தனர். ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் வாரன், மார்ஷல் என்னும் இரு வைத்தியர்கள் இரைப்பைப் புண்ணுடையோரிடத்து வளைந்த பாக்டீரியாக்களைக் கண்டு, அவற்றை வளர்க்க முயன்றனர். வழக்கப்படி இரண்டு நாள் பார்த்துவிட்டு, ஒன்றும் வளரவில்லையென்று தட்டுக்களை எறிந்துவந்தனர். 1982-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில், ஈஸ்டர் விடுமுறையின் காரணமாகத் தட்டுக்கள் ஐந்து நாள் எடுக்கப்படாமற் கிடந்தன. திரும்பிவந்து பார்க்கையில் பாக்டீரியாக்கள் வளர்ந்திருந்தன! அவை வளராதவையல்ல, மெல்ல வளர்பவை. தம்மைச் சுற்றியுள்ள அமிலத்தைத் தாமே தணித்துக்கொள்ளும் வல்லமையும் அவற்றுக்கு உண்டு. இரைப்பைப் புண்ணைப் பெரும்பாலும் மருந்தினால் தீர்க்கக்கூடும் என்பது இதனால் தெளிவாயிற்று. இருவரும் 2005-ஆம் ஆண்டில் நோபெல் பரிசு பெற்றனர்.

காற்றைப் பற்றியும் ஒரு சொல். பிராணவாயு இன்றேல் உயிரில்லை என்பது நம் எண்ணம். பிராணவாயுவே நஞ்சாகும் பாக்டீரியாக்களும் உள்ளன என்பதைப் பாஸ்டர் 1861-ஆம் ஆண்டில் வெளியிட்டார். வில்வாதத்தை உண்டாக்கும் கிருமி அவ்வினத்தது. ஜப்பானியராகிய கிடாசாட்டோ 1889-ஆம் ஆண்டில் அதனைத் தனித்தெடுத்து, பிராணவாயு புகாதவண்ணம் வளர்த்துக் காட்டினார். அகன்று திறந்த காயத்தினும், ஆணி தைத்த சிறிய ஆழமான காயம் அஞ்சத்தக்கதாவது இதனாலேயே. காற்றுப் புகாத அவ்வாழமே அக்கிருமிக்கு உவந்த இல்லம்.

மெல்லப் பெருகும் பகைவன்

இதுகாறும் கூறியவற்றுள் வேகமாகப் பெருகுவனவே கொடியன என்று வாசகர் எண்ணக்கூடும். உண்மை அவ்வாறன்று. க்ஷயக் கிருமி ஒருமுறை இரண்டாவதற்கு 15 முதல் 20 மணி நேரம் செல்லும். கோலை நூறு கோடியாகும் பத்து மணி நேரத்தில் இஃது ஒருமுறைகூடப் பிளவுபட்டிராது. இதன் மந்த கதியாலேயே கோக் பெருமகனார் தம் குழாய்களைப் பல நாள் பொறுமையுடன் காத்திருந்து நோக்கவேண்டியதாயிற்று. 1882-ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 24-ஆம் தேதி பெர்லின் நகரில் அவர் அக்கிருமியை உலகிற்கு அறிவித்தார்.

இம்மந்த கதியே மருந்துக்கும் பெருந்தடையாக நிற்கின்றது. பிளமிங் 1928-ஆம் ஆண்டிற் கண்ட பெனிசிலின், பாக்டீரியா தன் சுவரைக் கட்டும் வேலையைக் குலைப்பது. கட்டுகின்றவனைத்தான் அது வீழ்த்தும். உறங்குகின்றவனைப் பெரும்பாலும் தீண்டாது. க்ஷயத்திற்குரிய மருந்துகளுட் பலவும் இவ்வாறே, பெருகுங் கிருமிகளின்மேல் வலிமையாகவும் ஓய்ந்திருப்பவற்றின்மேல் மெலிவாகவும் வேலை செய்கின்றன. 1943-இல் கண்டுபிடிக்கப்பட்ட ஸ்டிரெப்டோமைசின் முதன்முதல் நோயாளிகளுக்குக் கொடுக்கப்பட்டபோது, பலர் வியக்கத்தக்கவாறு தேறினர். ஆனால் சில மாதங்களுள் அவர்களுட் சிலர் மீண்டும் நலிந்தனர். கோடிக்கணக்கான கிருமிகளுள் அம்மருந்துக்கு அஞ்சாத சிலவும் இருந்தன. மற்றவை மடிந்த நிலத்தில் அவை தனியரசாகப் பெருகிவிட்டன. ஒரே மருந்து கூடாது, சேர்ந்த மருந்துகளே வேண்டும் என்பது அதன்பின் துணிபாயிற்று.

இதில் நம் நாட்டிற்கும் பங்குண்டு. சென்னையில் 1956-இல் நிறுவப்பட்ட க்ஷயரோக மருந்துச் சிகிச்சை நிலையத்தார், நோயாளிகளை இரு பிரிவாக்கி, ஒரு பிரிவினரை ஸானடோரியத்தில் வைத்தும், மற்றொரு பிரிவினரை அவர்தம் நெருக்கடியான வீடுகளிலேயே இருக்கவிட்டும், இருவர்க்கும் ஓராண்டு ஒரே மருந்துகளைக் கொடுத்தனர். 1959-இல் முடிவு வெளிவந்தது. நல்லுணவும் ஓய்வும் குறைந்த வீடுகளில் இருந்தவரும், ஸானடோரியத்தில் இருந்தவர்க்கு ஏறக்குறைய ஒப்பாகவே குணமடைந்தனர். படுக்கையன்று, தவறாத மருந்தே நோயைத் தீர்ப்பது என்பதை உலகம் சென்னையிலிருந்து கற்றது.

இந்நாளில் சாதாரண க்ஷயத்திற்குப் பெரும்பாலும் ஆறு மாதச் சிகிச்சை விதிக்கப்படுகின்றது. முதல் இரண்டு மாதத்தில் பெருகுங் கிருமிகள் மடிகின்றன, இருமல் நிற்கின்றது, உடல் தேறுகின்றது. எஞ்சிய மாதங்களின் மருந்து, ஓய்ந்து கிடக்கும் சிலவற்றுக்காக. நாம் அறிந்த மாணாக்கர் ஒருவர், மூன்றாம் மாதத்தில், "எனக்குத்தான் ஒன்றுமில்லையே!" என்று மருந்தை விட்டார். பரீட்சைக்குப் படிக்கவேண்டும் என்பது ஒரு காரணம். மாத்திரைச் சீட்டைத் தோழர் காணலாகாது என்பது மற்றொரு காரணம். அவர் அறைத் தோழராகிய நாமும் அதனை அறிந்திருந்தும் வாளாவிருந்தோம். எட்டு மாதங் கழித்து இருமல் மீண்டது. இம்முறை பழைய மருந்துகள் சில பயன்படவில்லை, சிகிச்சை நீண்டது, ஓராண்டுப் படிப்பு போயிற்று. அவர் பிழைத்தெழுந்தார் என்பதே நமக்கு ஆறுதல். அவரை அன்று தடுத்திருக்கக்கூடிய கணக்கு மிக எளியது: எஞ்சிய கிருமி ஒன்றாயினும், அது இரண்டாகும், இரண்டு நான்காகும், நாளைக் கழித்தேனும் ஆகியே தீரும்.

ஆதலின் வாசக நேயர்களே, பாலை மூடுங்கள். சோற்றை நெடுநேரம் வெதுவெதுப்பில் வையாதீர்கள். ஆணி தைத்தால் ஆஸ்பத்திரிக்குச் செல்லுங்கள். வைத்தியர் குறித்த மருந்தைக் குறித்த நாள்வரை உண்ணுங்கள். உங்கள் அறையில் ஒருவர் மருந்தை இடையில் நிறுத்தக் கண்டால், நாணத்தை விட்டு அவரோடு பேசுங்கள். வேண்டுமாயின் இக்கட்டுரையை அவர் கையிற் கொடுங்கள்.